சாணைக்காரி பார்த்த சத்தம்

1

இந்தக் கதையை எழுத உட்கார்ந்ததற்கு ஒரே காரணம், என் நாத்தனார் எட்டு மாதமாக என்னோடு பேசவில்லை என்பதுதான். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கலைத்தாகம், உள்மனத் தூண்டல் என்று நீங்கள் எதையாவது நினைத்துக்கொண்டு படிக்கத் தொடங்கி, பாதியில் ஏமாந்துபோகக் கூடாது.

அவள் வாயால் பேசி நான் பார்த்ததே இல்லை. பிறவியிலேயே காது கேட்காது. கையால் பேசுவாள். நம் உதட்டைப் பார்த்து நாம் சொல்வதைப் பிடித்துக்கொள்வாள். கோபம் வந்தால் இரண்டு கையையும் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிடுவாள். அவள் கையைக் கட்டிக்கொண்டால் வீடே வாயைப் பொத்திக்கொண்ட மாதிரி ஆகிவிடும்.

கோபத்துக்குக் காரணம் என் முந்தைய கதை. அதிலும் காது கேட்காத ஒருத்தி வருகிறாள். கடைசிப் பத்தியில் மழை பெய்கிறது. அவளுக்குத் திடீரென்று காது கேட்டுவிடுகிறது. அவள் அழுகிறாள். கதை பத்திரிகையில் வந்தது, நாலு பேர் நன்றாக இருக்கிறது என்றார்கள். நாத்தனார் முழுசாகப் படித்தாள். பத்திரிகையை மடித்து என் முன்னால் வைத்தாள். கையைக் கட்டிக்கொண்டாள்.

என் வீட்டுக்காரர், அதாவது அவளுடைய அண்ணன், நடுவில் புகுந்து சமாதானம் பண்ணிப் பார்த்தார்.

"அவ என்னதான் சொல்றா?" என்று கேட்டேன்.

"'அண்ணிக்கு என்னை இருக்குற மாதிரியே ஒரு கதைக்குள்ள விட மனசு வரல'ங்கிறா. 'ரிப்பேர் பண்ணித்தான் வெளிய அனுப்புறாங்க'ங்கிறா."

நான் ஏதோ பதில் சொன்னேன். என்ன சொன்னேன் என்பதை இங்கே எழுதப்போவதில்லை. அது எனக்குப் பெருமை சேர்க்காது.

2

நான் ஓர் அச்சகத்தில் மெய்ப்புத் திருத்துகிறேன். ஊரார் பிழையெல்லாம் என் கண்ணில் படும், என்னுடையது தவிர. எங்கள் காகிதம் வெட்டும் இயந்திரத்தின் கத்தி மழுங்கினால், சாணை பிடிக்க அவள் வேலை செய்யும் பட்டறைக்குத்தான் போகும். எட்டாவது மாதம், கத்தியை வாங்கி வருகிற சாக்கில் நானே போனேன்.

நீளமான கொட்டகை. சுவரோரம் வரிசையாக நாலு சாணை இயந்திரங்கள். கல் சுற்றச் சுற்ற மேலே சோப்புத்தண்ணீர் ஒழுகிக்கொண்டே இருக்கும். தரையில் சாம்பல் நிறச் சேறு. மூன்றாவது இயந்திரத்தில் அவள் நின்றாள். கண்ணுக்குக் கண்ணாடி, கழுத்தில் ஒரு துண்டு, கையில் ஆளுயரக் கத்தி. பக்கத்து இயந்திரக்காரர் என்னிடம் கத்திக் கத்தி எதையோ விளக்கிக்கொண்டிருந்தார். நடுவில் சட்டென்று நிறுத்தி, "பாத்தீங்களா, கல்லு கிறீச்சுங்குது. அழுத்தம் கூடிப்போச்சு," என்று தன் கத்தியைத் தளர்த்தினார்.

அதே மாதிரி அழுத்தம் கூடியபோது என் நாத்தனாரும் தளர்த்தினாள். அவரைவிடச் சீக்கிரமாக.

"உனக்கு எப்படித் தெரியுது?" என்று உதட்டை அசைத்துக் கேட்டேன்.

இயந்திரத்தை நிறுத்தினாள். என்னை ஒரு நிமிடம் பார்த்தாள். எட்டு மாதத்துக்குப் பிறகு அவள் கை என்னிடம் பேசியது.*

"கல்லு கத்துறப்ப ஊதா வரும். ஊதா வந்தா அழுத்தத்தைக் கொறைச்சிடுவேன்."

"தீப்பொறியிலயா?"

"பொறி எப்பவும் போல ஆரஞ்சுதான். இது பொறியில இல்ல. இது வேற எடத்துல வரும்."

"எங்க?"

கண்ணைத் தொட்டுக் காட்டுவாள் என்று நினைத்தேன், அல்லது நெற்றியை. அவளுக்கும் கல்லுக்கும் நடுவில் இருந்த வெற்றிடத்தில் விரலை வைத்தாள். "இங்க."

என் முகத்தில் என்ன ஓடியதோ, உடனே சொன்னாள்: "இதை எழுதப்போறீங்க, இல்ல?"

பொய் சொல்ல முடியவில்லை. தலையாட்டினேன்.

"அப்படின்னா ஒவ்வொரு பக்கமும் எங்கிட்ட வரணும். அடிக்கிற உரிமை எனக்கு."

இருபது வருடமாக அடுத்தவர் எழுத்தை அடிக்கிறவளுக்கு இதைவிடப் பொருத்தமான தண்டனை கிடையாது. சரி என்றேன்.

(* அவள் கை சொல்வதைப் பேச்சுத் தமிழில்தான் எழுதுகிறேன். அந்தக் கையில் எழுத்துத் தமிழ் இருந்து நான் பார்த்ததில்லை.)

3

முதல் வரிகள்:

"முன்னொரு காலத்தில், ஒலிகளுக்கெல்லாம் நிறம் இருந்த ஒரு நாட்டில்..."

[அடித்துவிட்டாள். இரும்பில் குறி போடுகிற மஞ்சள் மெழுகுக்கோலால், தாள் கிழிகிற அளவுக்கு. ஓரத்தில் ஒரு குறிப்பு: "எனக்கு இப்பவே இருக்கு. எதுக்கு முன்னொரு காலம்?"]

"அவளுக்குக் கேட்காது. ஆனால் இயற்கை ஒரு கதவை மூடினால்..."

["இந்தக் கதவு, ஜன்னல் எல்லாம் வேணாம், அண்ணி."]

"மலையைக் குடைந்துகொண்டிருந்தார்கள்."

[அடிக்கவில்லை. ஓரத்தில்: "ம். மேல."]

4

மலையைக் குடைந்துகொண்டிருந்தார்கள். பதினோரு வருடமாக.

மலைக்கு இந்தப் பக்கம் ஓர் ஊர், அந்தப் பக்கம் ஓர் ஊர். நடுவில் கணவாய் வழியாக அரை நாள் நடை. ஒருநாள் காலையில் சரிவு உடைந்து விழுந்து கணவாய் மூடிப்போயிற்று. அப்போது யார் எந்தப் பக்கம் நின்றார்களோ, அவர்கள் அந்தப் பக்கத்து ஆளாகிவிட்டார்கள். (வேறு வழியே இல்லையா என்று கேட்பீர்கள். கற்பனை உலகத்தில் எழுதுகிறவருக்கு இருக்கிற ஒரே வசதி இது. வேறு வழி இல்லை என்று எழுதிவிட்டால் வேறு வழி இல்லை.) புறாக்கள் மட்டும் போய் வந்தன. புறாக்காலில் கட்டிய கடிதங்களிலேயே திட்டம் போட்டார்கள்: இரண்டு பக்கமும் ஒரே மட்டத்தில், ஒரே கோட்டில் குடைவது, நடுவில் சந்திப்பது.

இந்தப் பக்கத்தில் ஒரு சாணைக்காரி இருந்தாள். பாறையைத் துளைக்கிற கம்பிகளைக் கூராக்குவது அவள் வேலை. குகை வாசலிலேயே பட்டறை. காலையில் நாற்பது கம்பி கூராகப் போகும், மாலையில் நாற்பதும் மொட்டையாகத் திரும்பி வரும். அவளுக்குப் பிறந்ததிலிருந்தே காது கேட்காது. இந்தக் கதை முடிகிறவரை கேட்காது. (இது நாத்தனாருக்கு நான் எழுதிக்கொடுத்த உறுதிமொழி.)

அவளுக்கு ஓர் அக்கா. இரண்டு பேரும் சேர்ந்துதான் அந்தப் பட்டறையைத் தொடங்கினார்கள். நல்ல சாணைக்கல்லாகப் பார்த்து வாங்கி வருகிறேன் என்று அக்கா அந்தப் பக்கம் போன மறுநாள்தான் மலை விழுந்தது. அக்காவும் தங்கையும் பேசிக்கொண்டதெல்லாம் கையால். புறாக்காலில் கையைக் கட்டி அனுப்ப முடியாது. விரலகலத் தாளில் எழுதலாம், எழுதினார்கள். "நலம். நீ?" "நலம்." பதினோரு வருடம் அப்படியே ஓடிற்று. சண்டை போடக்கூட அந்தத் தாளில் இடம் பத்தவில்லை.

பதினோராவது வருடம் அந்தப் பக்கத்திலிருந்து ஒரு புறா வந்தது. "எங்கள் அளவுப்படி நாம் சந்தித்து நாற்பது நாள் ஆகிறது. நீங்கள் எங்கே இருக்கிறீர்கள்?"

இந்தப் பக்கத்து அளவும் அதையேதான் சொன்னது.

மலைக்குள் எங்கோ இரண்டு குகைகளும் ஒன்றையொன்று தாண்டிப் போய்விட்டிருந்தன. மேலேயா கீழேயா, இடமா வலமா? காதை வைத்துக் கேட்டார்கள். அந்தப் பக்கத்துச் சம்மட்டிச் சத்தம் கேட்டது, எல்லாப் பக்கத்திலிருந்தும். அந்தப் பாறையின் குணம் அப்படி. ஒரு தட்டை வாங்கி ஒன்பதாக்கித் திருப்பிக் கொடுக்கும். ஆளுக்கொரு திசை காட்டினார்கள். அளவுக்காரர் மூன்று தடவை கோடு மாற்றினார். மூன்றிலும் பாறைதான் வந்தது.

கூரைக்கு முட்டுக் கொடுக்க மரம் தீர்ந்துகொண்டிருந்தது. இன்னும் ஒரு மாதம் பார்ப்பது, பிறகு குகை வாயை அடைத்துவிடுவது என்று நிர்வாகி முடிவெடுத்தார்.

5

கம்பிகள் ஒரு பக்கமாகவே மழுங்கி வந்தன. ஏன் என்று பார்க்கச் சாணைக்காரி முதல்முறையாகக் குகையின் கடைசி வரை போனாள். புதிதாகத் தீட்டிய கம்பி ஒன்றைப் பாறையில் ஊன்றிப் பிடித்தாள்.

அப்போது அந்த நிறம் வந்தது.

அது நீலம் அல்ல. பச்சையும் அல்ல. பொன்னும் அல்ல, புகையும் அல்ல, வைகறையின்...

["அண்ணி, இல்ல இல்லன்னு எழுதியே பக்கத்தை ரொப்பாதீங்க."]

மயில்கழுத்தைப் பிழிந்து பாலில்...

["ஐயய்யோ."]

இந்த இடத்தில் மூன்று நாள் மாட்டிக்கொண்டு நின்றேன். யாரும் பார்க்காத நிறத்தை எந்தச் சொல்லால் எழுதுவது? இருக்கிற நிறத்தின் பெயரைச் சொன்னால் பொய். புதுப் பெயர் வைத்தால், படிக்கிறவருக்கு அது வெறும் பெயர். கடைசியில் வெட்கத்தை விட்டு அவளிடமே கேட்டேன். ஞாயிற்றுக்கிழமை பகல், சமையலறை மேஜையில் துணி மடித்துக்கொண்டிருந்தாள். மடிப்பதை நிறுத்தவில்லை. ஒரு சட்டைக்கும் அடுத்த சட்டைக்கும் நடுவில் கை கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னது.

"அது எப்படி இருக்கும்னு கேக்காதீங்க. வந்தா என்ன ஆகும்னு கேளுங்க."

"சரி. வந்தா என்ன ஆகும்?"

"மத்த கலரெல்லாம் நகந்துக்கும். பஸ்ஸுல வயித்துப்பிள்ளைக்காரி ஏறுனா எல்லாரும் நகந்து எடம் குடுப்பாங்கல்ல? அந்த மாதிரி. யாரும் சொல்ல வேணாம். தானா நகரும்."

அப்படியே எழுதிக்கொண்டேன். ஓர் எழுத்து மாற்றவில்லை. ஆகவே:

கம்பியைப் பாறையில் ஊன்றியதும் அந்த நிறம் வந்தது. பாறையின் சாம்பல், விளக்கின் மஞ்சள், அவள் கையில் இருந்த துரு எல்லாம் கொஞ்சம் நகர்ந்து அதற்கு இடம் விட்டன. அது வலது பக்கம் கீழே, முழங்கால் உயரத்தில் இருந்தது. கண்ணை மூடினாள். அங்கேயே இருந்தது.

அந்தப் பக்கத்துச் சம்மட்டிகள்தான் அப்படித் தெரிகின்றன என்று முதலில் நினைத்தாள். ஓய்வு நாளன்று இரண்டு பக்கமும் யாரும் ஒரு கல்லையும் தொட மாட்டார்கள். அன்று நடுப்பகலில் தனியாக உள்ளே போய்க் கம்பியை ஊன்றினாள். யாரும் தட்டாத அந்த நாளில்தான் நிறம் முன்னைவிட அடர்ந்து நின்றது. தட்டுகிற கை எதுவும் இல்லை. மலையே ஒரு சத்தமாக இருந்தது. அது அவளைக் கூப்பிடவும் இல்லை, விரட்டவும் இல்லை. இருந்தது, அவ்வளவுதான். அவள் முழங்கால் போட்டு உட்கார்ந்தாள். பயமாக இருந்ததா என்று எழுத ஆரம்பித்து நிறுத்திவிட்டேன், ஏனென்றால் அவளுக்குச் சிரிப்பு வந்தது. பதினோரு வருடமாக ஓர் ஊரே தோண்டி, கடைசியில் காதைத் தீட்டிக்கொண்டு அலைந்த இடத்தில், அது இத்தனை வெளிப்படையாக உட்கார்ந்திருக்கிறதே என்று.

சுண்ணக்கட்டியை எடுத்து அந்த இடத்தில், இங்கே தோண்டுங்கள் என்று, ஒரு வட்டம் போட்டாள்.

6

அளவுக்காரர் வட்டத்தைப் பார்த்தார். "யார் போட்டது?" என்றார். விஷயம் நிர்வாகி வரை போனது. குகை வாசலில் எல்லோரையும் கூட்டினார்கள்.

சாணைக்காரியின் கை பேசுவது அங்கே ஒருவருக்குத்தான் புரியும், மேஸ்திரிக்கு. பதினோரு வருடமாகக் கம்பி கொடுத்து வாங்கியே அந்தப் பேச்சைக் கற்றுக்கொண்டவர். அவர் பக்கத்தில் நின்று ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, கூட்டத்தில் சிரிப்பு கிளம்பியது.

"நல்லா இருக்கே கதை," என்றார் நிர்வாகி. "காது கேக்குற எங்களுக்கே எந்தப் பக்கம்னு புரியல. காது கேக்காதவளுக்குச் சத்தம் கேட்டுச்சாக்கும்!"

அவர் உதட்டை அவள் படித்துவிட்டாள். மேஸ்திரி அவள் கையைப் பார்த்துச் சொன்னார்: "கேட்டுச்சுன்னு யாரு சொன்னாங்கறாங்க. பாத்தேன்னுதான் சொல்றாங்களாம்."

"என்ன கலரு?" என்று பின்னாலிருந்து யாரோ கேட்டார்கள். மறுபடியும் சிரிப்பு.

"பேரு இல்லையாம்."

"பேரில்லாத கலரை நம்பி மரத்தைச் செலவழிக்கச் சொல்றியா?" என்று நிர்வாகி மேஸ்திரியிடம் திரும்பினார்.

மேஸ்திரி பேச்சாளர் இல்லை. தலைப்பாகையை அவிழ்த்து, உதறி, மறுபடி கட்டினார். பிறகு சொன்னார்: "ஐயா, காது கேக்குற நாமதான் பதினோரு வருஷம் தோண்டினோம். எங்க வந்து நிக்கிறோம்? மூணு தடவ கோடு மாத்தினீங்க, நான் கேள்வி கேக்கல. இந்தம்மா தீட்டிக் குடுத்த கம்பி ஒண்ணுகூட இதுவரைக்கும் எங்கையில ஒடஞ்சதில்ல. நாலாவது கோடு இவங்களோடதா இருக்கட்டுமே. பெருசா என்ன போயிடும்?"

நிர்வாகி கெட்டவர் இல்லை. கூரை விழுந்து ஆள் சாகக் கூடாதே என்று பயந்தவர், அவ்வளவுதான். ஒன்பது நாள் கொடுத்தார்.

7

ஐந்து நாள் தோண்டினார்கள். அவள் ஒவ்வொரு காலையும் முன்னால் போய்க் கம்பியை ஊன்றி வட்டம் போடுவாள். நிறம் நாளுக்கு நாள் பெருத்தது.

ஆறாம் நாள் காலை கம்பியை ஊன்றினாள். நிறம் வரவில்லை.

இங்கே நானும் நின்றுவிட்டேன். உண்மையைச் சொல்வதென்றால், நிறம் ஏன் போயிற்று என்று எனக்குத் தெரியாது. கதை சப்பென்று போகிறதே, ஒரு தடங்கல் வேண்டுமே என்று நானாக வைத்த தடங்கல் அது. வைத்த பிறகு எடுக்கத் தெரியவில்லை. இரண்டு வாரம் அவளை அந்த இருட்டில் கம்பியோடு நிற்க வைத்துவிட்டு, நான் பாட்டுக்கு அச்சகத்துக்குப் போய் வந்துகொண்டிருந்தேன். வெட்கக்கேடு.

நாத்தனாரிடம் அந்தப் பக்கத்தைக் கொடுத்தபோது அவள் எதையும் அடிக்கவில்லை. வேறு ஒன்றைச் சொன்னாள். எனக்கும் அவள் அண்ணனுக்கும் அதுவரை தெரியாத ஒன்று.

மூன்று வருடம் முன்பு பட்டறையில் நடந்தது. இரண்டாவது இயந்திரத்தின் கல் நன்றாகத்தான் சுற்றிக்கொண்டிருந்தது. யாருக்கும் எதுவும் கேட்கவில்லை. அவளுக்கு மட்டும் அந்தப் பக்கத்திலிருந்து ஒரு கறுப்பு வந்ததாம், "தார் மாதிரி". ஓடிப்போய் அங்கே நின்ற ஆளின் சட்டைக் காலரைப் பிடித்துப் பின்னால் இழுத்தாள். இரண்டு பேரும் சேற்றில் விழுந்தார்கள். கல் வெடித்தது. ஒரு துண்டு, அந்த ஆளின் நெஞ்சு இருந்திருக்க வேண்டிய உயரத்தில், எதிர்ச்சுவரில் போய்ச் சொருகிக்கொண்டது.

"அப்புறம்?" என்றேன்.

"சூப்பர்வைசர் வந்து பாத்தார். 'நல்ல நேரம், தற்செயலா இழுத்துட்ட'ன்னார்."

"நீ சொல்லலையா?"

"சொன்னேன். எழுதியே குடுத்தேன். படிச்சுட்டுத் தோளைத் தட்டிக் குடுத்துட்டுப் போயிட்டார்." கையை ஒரு கணம் மடியில் வைத்துக்கொண்டாள். பிறகு: "அதுக்கப்புறம் ரெண்டு மாசம் எனக்கு எந்தக் கலரும் வரல."

"என்ன பண்ணின?"

"வேலைக்குப் போனேன். வேற என்ன பண்றது? கையை வெச்சுப் பாத்தேன். அதிர்வு இருந்துச்சு, கத்தி இருந்துச்சு, கல்லு இருந்துச்சு. கலரு வராட்டியும் கல்லு எங்கயும் போகலையே."

நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். உடனே விட்டுவிட்டேன். அவள் கையைப் பிடித்துக்கொள்வது என்பது அவள் வாயைப் பொத்துவது.

"உங்க சாணைக்காரிய நிக்க விடுங்க," என்றாள். "அவ கண்டுபிடிச்சுப்பா."

8

சாணைக்காரி நின்றாள்.

பின்னால் பன்னிரண்டு பேர் சம்மட்டியோடு காத்திருந்தார்கள். மேஸ்திரி விளக்கைத் தூக்கிப் பிடித்து அவள் முகத்தையே பார்த்தார். "என்னம்மா? எங்க?" என்று உதடு அசைந்தது. அவள் இடது, வலது, மேலே, கீழே எங்கும் கம்பியை ஊன்றிப் பார்த்தாள். ஒன்றும் இல்லை. யாரோ சம்மட்டியைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்தார்.

வட்டம் போடச் சுண்ணக்கட்டியை எடுத்தாள். எங்கே போடுவது என்று தெரியாமல் அதையே பார்த்தாள்.

சுண்ணக்கட்டி வெள்ளையாக இல்லை.

விளக்கைப் பார்த்தாள். மஞ்சள் இல்லை. மேஸ்திரியின் சிவப்புத் தலைப்பாகையைப் பார்த்தாள். அது சிவப்பாக இல்லை. தன் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தாள். நிறம் போகவில்லை. நகர்ந்து இடம் விடுவதற்கு வேறு நிறம் எதுவும் மிச்சமில்லாதபடி, எல்லாமே அதுவாக ஆகிவிட்டிருந்தது. கடலுக்குள் நிற்கிறவளுக்குக் கரை தெரியாத மாதிரி, அவள் அதற்குள் நின்றுகொண்டிருந்தாள்.

(இதை எழுதியபோது எழுந்து சமையலறையில் இரண்டு சுற்று நடந்தேன். எனக்கே அப்போதுதான் தெரிந்தது.)

"நேரா," என்றாள் கையால். "நேரா மட்டும். நிறுத்தாதீங்க."

உட்கார்ந்தவர் எழுந்தார்.

ஆறு, ஏழு, எட்டு. ஒன்பதாம் நாள் பிற்பகல் மேஸ்திரி அடித்த கம்பி எதிர்ப்பே இல்லாமல் உள்ளே போயிற்று. போன வேகத்தில் அவர் முகம் பாறையில் இடித்தது. மூக்கில் ரத்தம். எல்லோரும் அசையாமல் நின்றார்கள்.

பிறகு அந்தக் கம்பி தானாக ஆடியது.

அந்தப் பக்கத்திலிருந்து யாரோ அதைப் பிடித்து ஆட்டினார்கள்.

அடுத்த நிமிடம் அங்கே நடந்ததற்கு வரிசை கிடையாது. பன்னிரண்டு ஆண்களும் ஒரே நேரத்தில் கத்தினார்கள். கூரையிலிருந்து தூசி கொட்டியது. அளவுக்காரர் தன் அளவுச்சங்கிலியைத் தலைக்கு மேல் சுழற்றி வீசினார். மேஸ்திரி மூக்கைத் துடைக்காமல் அழுதுகொண்டே சிரித்தார். யாரோ சாணைக்காரியைத் தூக்கித் தோளில் வைத்தார்கள். கூரையில் தலை இடித்து "இறக்கு, இறக்கு" என்று அவள் காலால் உதைத்தாள். செய்தி வாசலுக்குப் போய், வாசலிலிருந்து தெருவுக்குப் போய், அடுப்பில் வைத்ததை வைத்தபடி விட்டுவிட்டு ஊரே குகைக்குள் ஓடி வந்தது. நிர்வாகி ஒற்றைச் செருப்போடு வந்தார்.

"எந்தப் பக்கம், எந்தப் பக்கம்?" என்று மூச்சிரைக்கக் கேட்டார்.

"பக்கமா?" என்றார் மேஸ்திரி. "இனிமே ஏதுங்கய்யா பக்கம்?"

கம்பியை உருவினார்கள். அந்த ஓட்டை வழியாக அந்தப் பக்கத்துக் கம்பி ஒன்று உள்ளே நீண்டது. சாணைக்காரி கூட்டத்தை விலக்கிக்கொண்டு போய் அதன் நுனியைப் பிடித்துப் பார்த்தாள். கூர்முனையின் சரிவு தலைகீழாக இருந்தது, இடக்கைக்காரி தீட்டினால் வருகிற சரிவு. அவள் அறிந்த அத்தனை ஊரிலும் அப்படித் தீட்டுகிற கை ஒன்றுதான் உண்டு. கம்பியை விடாமல் பிடித்துக்கொண்டாள். அந்தப் பக்கத்தில் பிடித்திருந்தவர்களும் விடவில்லை.

9

முடிவுகள். எழுதியது மூன்று.

(அ) ஓட்டை பெரிதாகிறது. அக்கா போன மாதமே இறந்துவிட்டாள் என்று தெரிகிறது. கம்பி அவள் கடைசியாகத் தீட்டியது.

["எதுக்கு? அழ வைக்கவா? ஜெயிச்சா ஜெயிச்சதாவே இருக்கட்டும், அண்ணி."]

சோகமாக முடித்தால் ஆழமாக இருக்கும் என்று நினைக்கிற பழக்கம் எனக்கு உண்டு. ஒப்புக்கொள்கிறேன். அடித்தேன்.

(ஆ) ஓட்டை வழியாக அக்காவின் குரல் வருகிறது. சாணைக்காரிக்கு அது...

["மறுபடியுமா!!"]

இரண்டு ஆச்சரியக்குறியும் அவளுடையவை. நான் மெய்ப்புத் திருத்துகிறவள், ஒன்றுக்கு மேல் போட மாட்டேன். சத்தியமாக, அந்த வரி எப்படி வந்தது என்றே தெரியவில்லை. பழைய கைப்பழக்கம்.

(இ) பாறை உடைந்த கணத்தில், அங்கே இருந்த அத்தனை பேரும், ஒரே ஒரு நொடி, அந்த நிறத்தைப் பார்த்தார்கள்.

இதை நான் மிகவும் விரும்பினேன். விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை. அவள் நெடுநேரம் மெழுகுக்கோலைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அடிக்கவில்லை. கேட்டாள்:

"எல்லாரும் பாத்தாத்தான் அது நெஜமா?"

"இல்ல, அவங்களும் நம்பணும்ல..."

"ஓட்டை இருக்கே. அதுக்குள்ள கையை விட்டுப் பாக்கட்டும்."

நானே அடித்தேன்.

ஆக, அவள் மட்டுந்தான் பார்த்தாள். மலை ஏன் அப்படி ஒலித்தது, யாருக்காக ஒலித்தது என்று கடைசி வரை யாருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. தெரிந்ததெல்லாம், ஒருத்தி பார்த்த இடத்தில் தோண்டினார்கள், வழி இருந்தது.

நேற்று இதுவரை எழுதியதை மொத்தமாக அவளிடம் கொடுத்தேன். தன் பட்டறைக்கு எடுத்துப் போனாள். சாயங்காலம் திரும்பி வந்தபோது தாள்களில் எல்லாம் சாம்பல் நிற விரல் ரேகைகள், அவளுடையவை மட்டும் அல்ல. காலர் பிடித்து இழுக்கப்பட்ட அந்த ஆள், ஏழாவது பகுதிக்குக் கீழே தன் கையெழுத்தில் எழுதியிருந்தார்: "இது தற்செயல் இல்லை. நான்தான் அந்த ஆள்." அதற்குக் கீழே இன்னும் ஆறு கையெழுத்துகள். கடைசியாக, கொஞ்சம் தள்ளி, சூப்பர்வைசருடையது.

நாத்தனார் அதை எனக்குக் காட்டவில்லை. மேஜை மேல் விரித்து வைத்துவிட்டு, எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு டீ போட்டாள். டீ போடுகிற முதுகு அவ்வளவு நிமிர்ந்திருந்து நான் பார்த்ததில்லை.

டம்ளரை வைத்துவிட்டுக் கேட்டாள்: "அக்காவும் தங்கச்சியும் என்ன பேசிக்கிட்டாங்க?"

"தெரியல," என்றேன். "எனக்குத் தெரியாது."

"நல்லது," என்றாள்.

10

இப்போது ஓட்டை ஓர் ஆள் நுழைகிற அளவுக்கு ஆகிவிட்டது. ஊர் ஜனம் வாசல் பக்கம் போய் ஆடிக்கொண்டிருக்கிறது. அந்தப் பக்கத்து ஜனமும் அப்படித்தான் இருக்க வேண்டும். மேஸ்திரி எல்லோரையும் வெளியே தள்ளிக்கொண்டு போய்விட்டார். அவருக்கு விவரம் உண்டு.

உள்ளே நாலே பேர்தான் இருக்கிறோம். அந்தப் பக்கத்திலிருந்து குனிந்து வந்து நிமிர்கிற அக்கா. கொஞ்சம் நரைத்திருக்கிறாள். எதிரில் தங்கை. அப்புறம், பாறையோரமாக ஒட்டிக்கொண்டு நிற்கிற நானும் நீங்களும்.

அக்கா கையைத் தூக்குகிறாள். இடக்கை. பதினோரு வருடத்துக்குப் பிறகு முதல் சொல்லைச் சொல்லப்போகிறாள்.

நான் பார்க்க மாட்டேன். நீங்களும் பார்க்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். இவ்வளவு தூரம் கூட்டி வந்துவிட்டு இப்படிச் சொல்கிறேனே என்று கோபித்துக்கொள்ளாதீர்கள். அவர்கள் பேசப்போவது கையால். கை தெரிய வெளிச்சம் வேண்டும். மேஸ்திரி கூட்டத்தோடு தன் விளக்கையும் எடுத்துப் போய்விட்டார். இங்கே இருப்பது நம் கையில் இருக்கிற இந்த ஒரு விளக்குதான்.

அதை இந்தக் கல்லின் மேல் வைத்துவிடுகிறேன். கொஞ்சம் திரியைத் தூண்டிவிடுங்கள். போதும்.

வாருங்கள், போகலாம். திரும்பிப் பார்க்காதீர்கள். வாசல் தூரம்தான், ஆனால் வழி நேராக இருக்கிறது. வலது கையைச் சுவரில் வைத்துக்கொண்டே நடங்கள். தரை ஈரம், பார்த்து.